டாக்காவுக்குப் போகிற பிள்ளை

மேற்கு மாம்பலத்தில் எங்கள் சந்தில் யார் வீட்டில் என்ன சமையல் என்பது ஒருநாளும் ரகசியமாக இருந்ததில்லை. மாடிப் போர்ஷனில் தங்கபுஷ்பம் கருவாடு வறுத்தால் அது கீழே இறங்கி என் பூஜை அலமாரி வரை வந்து எட்டிப் பார்க்கும். குடிவந்த புதிதில் நான் சாம்பிராணி போட்டுப் பார்த்தேன். கருவாடும் சாம்பிராணியும் கூட்டுச் சேர்ந்து மூன்றாவதாக ஒரு வாசனை கிளம்பியதுதான் மிச்சம். அப்புறம் அவள் எனக்காக வெள்ளிக்கிழமை அடுப்பைச் சுத்தமாக வைக்கத் தொடங்கினாள், நான் மற்ற நாட்களில் ஜன்னலைச் சாத்தக் கற்றுக்கொண்டேன். இருவருக்கும் சரியாகப் போயிற்று.

நான் கோபாலபுரத்தில் ஒரு சின்னப் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். விஜயலக்ஷ்மி என்று பெயர் சொல்லிக் கூப்பிட்டவர் போய்ச் சேர்ந்த பிறகு எனக்கு டீச்சர் என்பதே பெயராகிவிட்டது. மாடியில் இருந்தவர்கள் மூன்று பேர். வைரவன், அவர் மனைவி தங்கபுஷ்பம், ஒரே பெண் ஷண்முகப்ரியா. திசையன்விளைப் பக்கத்துக்காரர்கள். வைரவனுக்கு ரெங்கநாதன் தெருவில் பிளவுஸ் துணியும் லைனிங்கும் விற்கிற கடை. கடை என்றால் ஒரு ஆள் கையை விரித்தால் இரண்டு சுவரும் தட்டும். முகூர்த்த மாதங்களில் பெண்கள் புடவையைப் பிரித்து அவர் மூஞ்சிக்கு நேரே நீட்டிக்கொண்டு நிற்பார்கள். அவர் புடவையை ஒருமுறை பார்ப்பார், பின்பக்கம் திரும்பாமலே கையை மேலே விட்டு ஒரு ரோலை உருவுவார். காலையிலிருந்து ராத்திரி ஷட்டர் இறக்கும் வரை நின்றபடி வேலை. வீட்டுக்கு வந்து காலை வெந்நீரில் வைத்துக்கொண்டு அவர் உட்கார்ந்திருப்பதை மட்டும்தான் நான் பார்த்திருக்கிறேன்.

இந்தச் சாதுவான மனிதருக்கு வாய்த்த பெண் கபடி ஆடினாள். கார்ப்பரேஷன் பள்ளியில் படிக்கும்போது ஆரம்பித்தது. பொன்னுரங்கம் என்று துறைமுகத்தில் வேலை பார்க்கும் ஒரு மனிதர், சாயங்காலமானால் தி.நகர் சோமசுந்தரம் மைதானத்தில் பெண்பிள்ளைகளைச் சேர்த்துப் பழக்குவார். வேடிக்கை பார்க்க வருகிற ஆண்கள் சிரித்தால் அவர்களையும் உள்ளே கூப்பிட்டு ஆடச் சொல்வார். அவர்கள் கணுக்காலை ப்ரியா பிடித்தபிறகு சிரிப்பு நின்றுவிடும். அவளுக்கு இடது மூலை. பாடிக்கொண்டு ஏறி வருகிறவள் காலை நீட்டுகிற அந்தக் கண நேரத்தில் தரையோடு பாய்ந்து கணுக்காலை வளைத்துக்கொள்ள வேண்டும். பிடித்த பிறகு முகத்தில் உதை விழும். விட்டுவிடக் கூடாது, அவ்வளவுதான் அந்த வித்தை. முன்பல்லில் ஒரு சில்லு போயிற்று, முட்டி இரண்டும் தார் ரோடு மாதிரி ஆயிற்று. மாவட்டம், மாநிலம், ஜூனியர் நேஷனல் என்று அவள் போய்க்கொண்டே இருந்தாள்.

வைரவன் ஒரு ஆட்டம்கூடப் போய்ப் பார்த்ததில்லை. வீட்டில் தினம் சண்டைதான். பொழுது சாய்ந்து வருகிறாள், அரைக்கால் சட்டை போடுகிறாள், கறுத்துப்போகிறாள், யார் கட்டிக்கொள்வான் என்று நித்தியம் பாராயணம். ஆனால் அதே வார்த்தையை இன்னொருவர் சொன்னால் அவருக்குப் பொறுக்காது. மூன்று வருஷத்துக்கு முன்னால் ஊரில் அவருடைய அக்கா செல்லக்கனி வீட்டுக் கல்யாணம். பந்தியில் எல்லோரும் உட்கார்ந்திருக்கும்போது அக்காக்காரி, பொட்டைப் பிள்ளையை ஆம்பளையாக வளர்க்கிறான் என் தம்பி, இவளை என் வீட்டு வாசற்படி ஏற விடமாட்டேன் என்று சிரித்துக்கொண்டே சொல்லியிருக்கிறாள். வைரவன் ஒரு கவளம் எடுத்தவர் அப்படியே இலையை விட்டு எழுந்துவிட்டார். அவர்கள் சனத்தில் பரிமாறின இலையை விட்டு எழுந்திருப்பதைவிடப் பெரிய அவமரியாதை இல்லையாம். அன்றோடு அக்காவுக்கும் தம்பிக்கும் பேச்சு நின்றது. தங்கபுஷ்பம் இதை என்னிடம் சொல்லும்போது, வீட்டுக்கு வந்ததும் அந்த மனுஷன் மகளைப் போட்டு அடித்தார் என்பதையும் சேர்த்துச் சொன்னாள். மனிதர்கள் அப்படித்தான்.

மெட்ராஸ் சென்னையான மறு வருஷம், சித்திரையில், அந்த மகளை இந்திய அணிக்கு எடுத்தார்கள். டாக்காவில் ஆறேழு நாடுகள் சேர்ந்து ஆடும் ஜூனியர் பெண்கள் போட்டி. தமிழ் பேப்பர் ஒன்றில் தபால்தலை அளவுக்குப் படம் வந்தது. அதை வெட்டிக் கடையில் கல்லாவுக்கு மேல் ஒட்டியது வேறு யாருமில்லை, வைரவன்தான். பிளவுஸ் துணி கேட்டு வந்தவர்களிடம் எல்லாம், நம்ம பிள்ளைதான், நம்ம பிள்ளைதான் என்று காட்டினாராம். ஒரு கலர் கேட்டால் இன்னொரு கலரை எடுத்துக் கொடுத்துவிட்டார் என்று தங்கபுஷ்பம் சொல்லிச் சிரித்தாள். அவர் கலர் தப்பியது எனக்குத் தெரிந்து அந்த வாரம்தான்.

அதற்குப் பிறகுதான் ஆபத்து வந்தது, அதுவும் இலை போட்டுக்கொண்டு வந்தது.

ஊர்விட்டுத் தூரமாகப் போகிற பிள்ளையைச் சொந்தக்காரர்கள் ஒவ்வொருவரும் வீட்டுக்குக் கூப்பிட்டு ஒரு நேரம் சோறு போட்டு அனுப்புவது அவர்கள் வழக்கம். மாம்பலம், கோடம்பாக்கம், தி.நகர் முழுக்க அவர்கள் சனம். பாத்திரக்கடை, மளிகைக்கடை, நகைக்கடை என்று எந்தத் தெருவில் நுழைந்தாலும் ஒரு சித்தப்பாவோ மதினியோ இருப்பார்கள். நேற்று வரை அவளைப் பார்த்தால் மூஞ்சியைத் திருப்பிக்கொண்ட அத்தனை பேரும் இப்போது கூப்பிட்டார்கள். ஒரு வீட்டில் ஆட்டுக்கறிக் குழம்பு, இன்னொரு வீட்டில் நாட்டுக்கோழி, மற்றொன்றில் வஞ்சிரம். கிளம்பும்போது கையில் முந்திரிக்கொத்தும் அதிரசமும் வேறு. ஒரு வீட்டுக்குப் போய் இன்னொரு வீட்டை விட்டால் காலத்துக்கும் பேச்சு. வீட்டிலோ தங்கபுஷ்பம் விடியற்காலையில் நல்லெண்ணெய் மிதக்க உளுந்தங்களி கிண்டி, நடுவில் குழி பறித்துக் கருப்பட்டிப் பாகு ஊற்றிக் கொடுத்தாள். பெண்பிள்ளைக்கு இடுப்பு உறுதிப்படும் என்றாள். அதோடு அவளுக்கு ஒரு கணக்கு இருந்தது. பிடித்து இழுக்கிற விளையாட்டுத்தானே, உடம்பில் கனம் இருந்தால்தானே இழுத்தால் நகராமல் நிற்கலாம்.

எனக்குச் சரியான கணக்காகவே பட்டது. நான்தான் கணக்கு டீச்சர்.

கத்திரி வெயில் தொடங்கி இரண்டு நாள் இருக்கும், பொன்னுரங்கம் டிவிஎஸ் ஃபிஃப்டியில் வந்து இறங்கினார். இந்திய அணியின் பயிற்சி முகாமுக்கான தேதியைச் சொல்ல வந்தவர், மாடிப்படியில் இறங்கி வந்த ப்ரியாவைக் கீழிருந்து மேலாகப் பார்த்தார். வணக்கம்கூடச் சொல்லவில்லை. பக்கத்துத் தெருவில் துரைராஜ் அண்ணாச்சியின் அரிசி மண்டி. அங்கே அவளை இழுத்துக்கொண்டு போனார். பின்னாலே தங்கபுஷ்பம், அவள் பின்னாலே நான். மூட்டை நிறுக்கிற பலகைத் தராசில் கிடந்த பொன்னி மூட்டையை இறக்கச் சொல்லி, அவளை ஏற்றி நிறுத்தி, அவரே குண்டைத் தள்ளினார். துரைராஜ் அண்ணாச்சி விஷயம் புரியாமல், பிள்ளை நல்லாத் தேறியிருக்கு, போன ஞாயித்துக்கிழம நம்ம வீட்டுலதான் சாப்பாடு என்று பெருமையாகச் சொன்னார்.

“தேறிக்கீதா? அறுபது கிலோக்கு மேல ஒரு பொண்ணையும் சேக்க மாட்டான் நைனா இந்தப் போட்டில. மூணு கிலோ ஏத்தி வுட்டுக்கிறீங்க எல்லாரும் சேந்து. முகாம்ல முத நாளு வெய்ட்டு போடுவான். கரீட்டா இல்லன்னா, அடுத்தவ பேரு ரெடியா கீது, அவ பூடுவா டாக்காவுக்கு. இது ஊட்டுல வந்து அழுதுகினு குந்திகினு இருக்க வேண்டியதுதான்.”

பொன்னுரங்கம் இதைக் கத்தாமல் சொன்னார். அதனால் இன்னும் மோசமாக இருந்தது. எடை வரம்பு என்று ஒன்று இருப்பது ப்ரியாவுக்குத் தெரியாதா என்றால், தெரியும். எப்போதும் வரம்புக்குக் கீழேயே இருந்தவளாகையால் அதைப் பற்றி நினைத்ததே இல்லை. தங்கபுஷ்பம் தராசுப் பக்கத்தில் அரிசி சிந்திக்கிடந்த தரையில் உட்கார்ந்துவிட்டாள். என் கையாலேயே என் பிள்ளை வாயில் மண்ணை அள்ளிப் போட்டுவிட்டேனே டீச்சர் என்றாள். நான் அவளைத் தூக்கிவிட்டேன். எனக்குக் கோபம் பொன்னுரங்கத்தின் மேல்தான் வந்தது. வரம்பைப் பற்றி அந்த அம்மாளிடம் ஒரு வார்த்தை முன்னாடியே சொல்லியிருந்தால் என்ன என்று கேட்டேன்.

“தப்புதான் டீச்சர். வேணாம்னு தடுக்கற பேரண்ட்ஸைத்தான் நான் பாத்துக்கிறேன். ஆட்டுக்கால் சூப்பு வெச்சி அனுப்பற பேரண்ட்ஸை இப்பதான் பாக்கறேன்” என்றார்.

முகாமுக்குப் பத்துப் பன்னிரண்டு நாள் இருந்தது. தண்ணீரை நிறுத்தியோ மாத்திரை போட்டோ எடையைக் குறைக்கக் கூடாது, ஆட்டத்தன்று கால் நடுங்கும், வியர்வை சிந்தித்தான் குறைக்க வேண்டும் என்று பொன்னுரங்கம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். கேழ்வரகுக் கூழ், மோர், வேகவைத்த காய். அரிசி கிடையாது, எண்ணெய் கிடையாது, இனிப்பு பக்கத்திலேயே வரக்கூடாது. காலையில் மைதானத்தில் ஓட்டம். மற்ற நேரத்துக்கு என்ன செய்வது என்று யோசித்தபோது சந்தில் இருந்த அடிபம்பு அவர் கண்ணில் பட்டது.

அந்த வருஷம் தண்ணீர்ப் பஞ்சம். லாரி எப்போது வரும் என்று லாரிக்காரனுக்கே தெரியாது. அடிபம்பில் தண்ணீர் கீழே போய்விட்டது. ஒரு குடம் நிரம்புவதற்குள் என் தோள்பட்டை கழன்று கையோடு வந்துவிடும். ப்ரியா வியர்வை கொட்டட்டும் என்று மழைக்கோட்டைப் போட்டுக்கொண்டு, அந்த வெயிலில், சந்து முழுவதற்கும் பம்பு அடித்தாள். முதல்நாள் எல்லோரும் வேடிக்கை பார்த்தார்கள். இரண்டாம் நாள் பச்சை, சிவப்பு, நீலம் என்று பிளாஸ்டிக் குடங்கள் வரிசை கட்டி நின்றன. இத்தனை வருஷமும் அவள் அரைக்கால் சட்டையோடு போனால் கதவைச் சாத்திய வீட்டுக்காரர்கள்கூட, கொஞ்சம் நம்ப ஆத்துக்கும் அடிச்சுடு கண்ணா என்று கெஞ்சினார்கள். அவளும் யாரையும் ஒன்றும் சொல்லாமல் அடித்தாள். அந்தக் கத்திரியில் நான் இரண்டு வேளை குளித்தேன். அவள் புண்ணியம்.

வீட்டில்தான் நிலைமை பரிதாபம். தாளிக்கிற வாசனை வந்தால் பிள்ளைக்கு நாக்கு ஊறும் என்று தங்கபுஷ்பம் அடுப்பில் எண்ணெய்ச் சட்டியே வைக்கவில்லை. மகள் குடிக்கிற கூழையே வைரவனும் குடித்துவிட்டுக் கடைக்குப் போய் நாள் முழுக்க நின்றார். ஒருநாள் மத்தியானம் கண்ணை இருட்டிக்கொண்டு வந்து லைனிங் துணி மேலேயே சாய்ந்துவிட்டாராம். பக்கத்துக் கடைக்காரர் சோடா வாங்கிக் கொடுத்தால், சர்க்கரை போட்டதா என்று கேட்டிருக்கிறார். உமக்கு யாரய்யா எடை போடப்போகிறார்கள் என்று நான் கேட்டேன். அவர் பனியனைத் தூக்கி முகத்தைத் துடைத்துக்கொண்டார். மாடியிலிருந்து ஒரு வாசனையும் வராத அந்த நாட்களில் எனக்கு என்னமோ வீடு காலியானமாதிரி இருந்தது. கருவாட்டு வாசனைக்கு நான் ஏங்கினேன் என்று சொன்னால் என் பிறந்தகத்தில் யாரும் நம்ப மாட்டார்கள்.

எடை நாளுக்கு முந்தின நாள் துரைராஜ் மண்டியில் நிறுத்தபோது எடை வரம்புக்கு மேலே ஒரு நூலளவு நின்றது. ராத்திரி ஒன்றும் சாப்பிடாமல் காலையில் ஒரு ஓட்டம் ஓடினால் சரியாகிவிடும், ஒரு உருண்டைச் சோறு உள்ளே போனாலும் போயிற்று என்று சொல்லிவிட்டுப் பொன்னுரங்கம் போனார். நாங்கள் எல்லோரும் பெருமூச்சு விட்டோம்.

விளக்கு வைக்கிற நேரம். வாசலில் ஆட்டோ வந்து நின்றது. மடியில் ஒரு பெரிய எவர்சில்வர் தூக்குவாளியை அணைத்துக்கொண்டு, காதில் பாம்படம் போட்டிருந்த அடையாளமாக நீண்ட துளையோடு ஒரு அம்மாள் இறங்கினாள். தங்கபுஷ்பம் மாடியிலிருந்து பார்த்துவிட்டு, ஐயோ மதினி என்றாள். செல்லக்கனி. விடியுமுன் திசையன்விளையில் பஸ் ஏறி, வழி முழுக்க அந்த வாளியைக் கீழேகூட வைக்காமல் மடியில் வைத்துக்கொண்டு வந்திருந்தாள். உள்ளே புளிச்சோறு, துவையல், கருப்பட்டி போட்ட பொரிவிளங்காய் உருண்டை.

அவள் மேலே வந்து பாயில் உட்கார்ந்ததும் தங்கபுஷ்பம் ஓடி வந்து என்னைக் கூப்பிட்டுக்கொண்டு போனாள். இந்த மாதிரிச் சமயத்தில் வேற்று மனுஷி ஒருத்தி இருந்தால் வார்த்தை தடிக்காது என்று நினைத்தாளோ என்னவோ. வைரவன் அன்று கடையை ஆளிடம் விட்டுவிட்டுச் சீக்கிரமே வந்திருந்தார். அக்காவைப் பார்த்ததும் எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டார். அக்காக்காரி தம்பி பக்கமே திரும்பவில்லை. தங்கபுஷ்பத்திடம் பேசினாள்.

“பேப்பர்ல பாத்தேம்ளா. டாக்காவுக்குப் போகுதாளாமே. ஊருக்குப் போற பிள்ளைக்கு எல்லாவனும் சோறு போட்டாச்சு, அத்தைக்காரி போடலங்கப்பிடாதுல்லா. மூணு வருசமா நெஞ்சுல கெடந்து அறுக்கு. ஒரு இலையப் போடு. எங் கண் முன்னால தின்னட்டும்.”

தங்கபுஷ்பம் இலை எடுக்கப் போகவுமில்லை, போகாமலுமில்லை. வாசற்படியில் பாதி உள்ளே பாதி வெளியே நின்றாள். ஒரு தடவை செல்லக்கனி போட்ட இலையை விட்டு எழுந்த குடும்பம். இரண்டாவது தடவை வேண்டாம் என்றால் அந்த உறவு அத்தோடு முடிந்தது. வேண்டாம் என்று சொல்லாவிட்டால் மகளின் டாக்கா முடிந்தது.

நான்தான் அசட்டுத்தனமாக நுழைந்தேன். “மாமி, கொழந்தைக்கு நாளைக்கு எடை போடறா. இன்னிக்கு ஒண்ணும் சாப்பிடப்படாதுன்னு சொல்லியிருக்கா” என்றேன்.

செல்லக்கனி என்னைப் பார்த்தாள். “நிறுக்கதுக்கு அவ என்ன புண்ணாக்கு மூடையா டீச்சரம்மா? ஊரு பூரா ஊட்டிவிட்டாவ. அப்பம் இல்லாத எடை, நான் வந்த உடனேதான் வந்திட்டாக்கும். அப்பன் இலைய விட்டு எந்திச்சான். மவ இலைய போடவே விடமாட்டேங்கா. சரி, நான் வாரேன்.” வாளியைத் தூக்கிக்கொண்டு எழப்போனாள்.

அப்போதுதான் ப்ரியா பம்படியிலிருந்து வந்தாள். மழைக்கோட்டைக் கழற்றியதும் உள்ளே சட்டை பிழிந்தெடுத்ததுபோல் ஒட்டிக்கிடந்தது. கன்னம் ஒட்டி, கண் பெரிதாகி, பார்க்கவே என்னவோ போல இருந்தாள். அத்தையைப் பார்த்தாள், வாளியைப் பார்த்தாள். ஒருத்தரும் எதுவும் சொல்லத் தேவைப்படவில்லை. நேரே வந்து அத்தையின் முன்னால் தரையில் உட்கார்ந்துகொண்டு, அவள் முழங்காலைப் பிடித்தாள். எதிராளியின் கணுக்காலைப் பிடிப்பவளாயிற்றே, அத்தையால் எழுந்திருக்க முடியவில்லை.

“போகாதிய அத்தை” என்றாள். “அவுக எல்லாரும் கூப்பிட்டு எலையப் போட்டப்பம், எடை ஏறுதுன்னு எனக்கும் கொஞ்சங் கொஞ்சம் தெரிஞ்சிச்சு. பாவாடை நாடா இறுகுச்சு. வேண்டாம்னு சொல்ல வாய் வரல. நல்லா விளையாடுட்டின்னு நம்ம ஆளுக ஒருத்தராவது சொல்லமாட்டாவளான்னு எத்தன வருசமா இருந்தேன் தெரியுமா. யாரும் வாயால சொல்லல. சோத்தப் போட்டுச் சொன்னாவ. நான் தின்னுட்டேன். ஒரு வீட்டுலயும் ஒரு பருக்கை மிச்சம் வைக்கல.”

செல்லக்கனி தூக்கிய வாளியைக் கீழே வைத்தாள்.

“ஒங்க சோறு மொதல்ல வந்திருக்கும்னா வேற எங்கயும் தின்னுருக்கவே மாட்டேன் அத்தை. கடைசியா வந்துட்டு. நாளைக்குக் காலைல தராசவிட்டு எறங்குன உடனே உங்க கையாலதான் தின்பேன். அதுவரைக்கும் இருங்க. இருப்பியளா?”

சொல்லும்போதே அவளுக்கு அழுகை வந்துவிட்டது. பசியோடு இருப்பவர்களுக்கு அழுகை சீக்கிரம் வரும். செல்லக்கனி அவளுடைய கையை எடுத்துத் திருப்பிப் பார்த்தாள். பம்புப் பிடி பட்டு உள்ளங்கை முழுக்கக் கொப்புளம். அதன் மேல் தன் கட்டைவிரலை வைத்துத் தடவினாள். பிறகு வாளியின் மூடியைத் திறந்து மோந்து பார்த்தாள்.

“நல்லெண்ண ஊத்திக் கிண்டியிருக்கேன். நாளைக்கும் கெட்டுப்போவாது” என்றாள். அப்புறம் தலையைத் திருப்பாமலே ஜன்னல் பக்கம் பார்த்து, “ஏலே, காலைல எத்தன மணிக்குல போகணும்?” என்று கேட்டாள்.

“வெள்ளென ஆறு மணிக்குக்கா” என்றார் வைரவன்.

மூன்று வருஷத்துச் சண்டை அவ்வளவுதான். பஸ்ஸில் வந்தது களைப்பாக இருக்கும், ஒரு வாய் காபியாவது சாப்பிடுங்கோ என்று நான் எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். பிள்ளை பட்டினி கிடக்கும்போது தொண்டையில் இறங்காது என்று செல்லக்கனி மறுத்துவிட்டாள். மாடியில் நாலு பேரும் அன்று சாப்பிடவில்லை. எனக்கு மட்டும் அடக்கமாட்டாமல் பசித்தது. கதவைச் சாத்திக்கொண்டு சத்தமில்லாமல் மோர் சாதம் சாப்பிட்டேன்.

முகாம் அடையாற்றில், ஆற்றங்கரைப் பக்கம் ஒரு கல்லூரி விடுதியில். ப்ரியாவைப் பொன்னுரங்கம் முன்னாலேயே ஓட்டமாக அழைத்துப் போயிருந்தார். நாங்கள் மூன்று பெண்பிள்ளைகளும் வாளியும் ஒரு ஆட்டோவில், வைரவன் பஸ்ஸில். எடை போடுகிற இடத்துக்குள் ஆண்கள் வரக்கூடாது என்று வைரவனையும் பொன்னுரங்கத்தையும் கேட்டிலேயே நிறுத்திவிட்டார்கள். எங்களை விட்டதற்குக் காரணம் நான். தி.நகர் ஹிந்தி பிரசார சபாவில் ராஷ்டிரபாஷா வரை பாஸ் செய்தவள். அதிகாரி அம்மாளிடம் இலக்கண சுத்தமாக நான் நாலு வாக்கியம் பேசியதும் அவள் பயந்துபோய் உள்ளே விட்டாள் என்றே நினைக்கிறேன்.

விடுதியின் சாப்பாட்டுக் கூடத்தில் பெஞ்சுகளை ஒதுக்கிவிட்டு நடுவில் தராசை வைத்திருந்தார்கள். ஹரியானாவிலிருந்து, வங்காளத்திலிருந்து, மராட்டியத்திலிருந்து வந்த பெண்கள் வரிசையில் நின்றார்கள். எல்லோருக்கும் உதடு வெடித்துப்போயிருந்தது. ஒருத்தி அந்த மே மாதத்தில் இரண்டு கம்பளிச் சட்டை போட்டுக்கொண்டு நின்ற இடத்திலேயே குதித்துக்கொண்டிருந்தாள். இன்னொருத்தி சுவரில் சாய்ந்து கண்ணை மூடியிருந்தாள். பிள்ளைகளின் வீட்டு மனுஷர்கள் யாரும் அங்கே இல்லை, எங்களைத் தவிர. செல்லக்கனி, “இதுகளும் சாப்பிடலியா?” என்று என் காதோடு கேட்டாள். இல்லை என்றேன்.

ப்ரியாவின் பெயரைக் கூப்பிட்டார்கள். ஏறினாள். அதிகாரி அம்மாள் சின்னக் குண்டை நகர்த்தினாள். கம்பு மேலே போய் முட்டியது. தங்கபுஷ்பம் என் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். அசையாமல் நில் என்று அதிகாரி ஹிந்தியில் சொன்னாள், ப்ரியாவுக்குப் புரியவில்லை, நான் தமிழில் சொன்னேன். ப்ரியா மூச்சை விட்டு, கைகளைத் தொங்கப்போட்டு நின்றாள். மேலே முட்டிய கம்பு மெதுவாக இறங்கி, ஆடி, நடுவில் வந்து நின்றது. அதிகாரி குனிந்து பார்த்தாள், நிமிர்ந்து பார்த்தாள், டீக் ஹை என்றாள்.

இந்த இரண்டு வார்த்தைக்கு ராஷ்டிரபாஷா தேவையில்லை. தங்கபுஷ்பம் தரையில் விழுந்து கும்பிட்டாள். சாமியை இல்லை, அந்தத் தராசை.

அதற்குப் பிறகு ப்ரியா எத்தனையோ முறை தராசில் ஏறி இறங்கினாள். டாக்காவில் இறுதி ஆட்டத்தில் தோற்றுத்தான் வந்தார்கள், அடுத்த முறை ஜெயித்தார்கள். ரயில்வேயில் வேலை கிடைத்தது, வலது தோள் இரண்டு முறை கழன்றது, வைரவன் கடையைச் சாத்திவிட்டு மைதானத்துக்குப் போய்க் கூச்சலிடுகிற ஆளாக மாறினார். இதையெல்லாம் சொன்னால் வளர்ந்துகொண்டே போகும். எனக்கு அவள் நினைவு வரும்போது கண்ணில் நிற்பது அந்தச் சாப்பாட்டுக் கூடம்தான்.

தராசிலிருந்து இறங்கியவள் வெறுங்காலோடு நேரே வந்து அத்தையின் முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்து, வாயைத் திறந்தாள். செல்லக்கனி வாளியைத் திறந்து, புளிச்சோற்றை உருட்டி, நடுவில் துவையல் வைத்து அவள் வாயில் கொடுத்தாள். ப்ரியா கண்ணை மூடிக்கொண்டு மென்றாள். இரண்டாவது உருண்டையை எடுத்த கை பாதியில் நின்றது. எடை முடித்து வந்த பெண்கள் எல்லோரும் சுற்றிலும் நின்று வாளியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பக்கத்தில் நின்றவள் கம்பளிச் சட்டைக்காரி. அந்த உருண்டை அவள் வாய்க்குப் போயிற்று.

“தின்னுட்டி” என்றாள் செல்லக்கனி. எந்த ஊர், என்ன பாஷை, எதுவும் கேட்கவில்லை. அடுத்தவளைக் கையைக் காட்டி உட்காரச் சொன்னாள். ஒவ்வொருத்தியாக உட்கார்ந்தார்கள், அவர்கள் எல்லோருக்கும் ஒரே வார்த்தைதான், தின்னுட்டி, தின்னுட்டி. புளிச்சோற்றின் உறைப்பில் ஹரியானாப் பெண்ணுக்குக் கண்ணில் நீர் வந்தது. ஆனாலும் இன்னொரு வாய் கேட்டாள். உணவு நேரம் எட்டு மணி என்று சொல்ல வந்த அதிகாரி அம்மாள் கையிலும் ஒரு உருண்டை. எனக்கும் ஒன்று வந்தது. வாங்கிக்கொண்டேன். அப்படி ஒரு புளியோதரை எங்கள் பெருமாள் கோயிலில்கூட நான் சாப்பிட்டதில்லை.

கடைசியில் செல்லக்கனி ப்ரியா பக்கம் திரும்பியபோது வாளியில் சோறுமில்லை, பொரிவிளங்காயுமில்லை. அவளுக்குக் கிடைத்தது ஒரே ஒரு வாய். அந்த அம்மாள் முகம் சுருங்கிப்போயிற்று. இத்தனை தூரம் சுமந்துவந்து, உனக்கு ஒண்ணுமில்லாமப் பண்ணிட்டேனேட்டி என்றாள்.

ப்ரியா வாளியை வாங்கி உள்ளே விரலை விட்டு ஒட்டியிருந்த எண்ணெயையும் பருக்கையையும் வழித்து நக்கினாள். “போதும் அத்தை. வயிறு நெறஞ்சிட்டு” என்று சிரித்தாள். சில்லு போன பல் தெரிந்தது.

“நெறையல. எனக்குத் தெரியும்” என்றாள் செல்லக்கனி, முந்தானையால் அவள் வாயைத் துடைத்துக்கொண்டே. “ஆடி முடிச்ச உடனே நேரா எங்க வீட்டுக்கு வா. நம்ம வீட்டுல தராசு கெடையாது.”